கேள்வி - பதில்: கண்ணிவெடி நிலமும் சக்கர நாற்காலிப் பாதையும்

சென்ற மாதம் ஒரு வாசகருக்கு எழுதிய பதிலில், ஜோர்டான் இளவரசர் மிரெத் பின் ராத் பற்றி நான்கு வரி எழுதியிருந்தேன். கண்ணிவெடி அகற்றும் தேசியக் குழுவுக்கும், மாற்றுத்திறனாளிகள் உரிமைகளுக்கான உயர் மன்றத்துக்கும் அவரே தலைவர் என்பதுதான் செய்தி. அந்த நான்கு வரிக்கு இத்தனை கடிதங்கள் வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. செயற்கைக் கால் செய்து பொருத்தும் தொழிலிலேயே வாழ்நாளைக் கழித்தவன் நான். இந்த விஷயத்தைப் பற்றிப் பேசச் சொன்னால் நிறுத்த மாட்டேன் என்று ஆசிரியருக்குத் தெரியும். ஆகவே இந்த மாதம் முழுப் பகுதியையும் இதற்கே கொடுத்துவிட்டார்.

மிரெத் மன்னரின் மகனா? இவருக்கு எப்படி இந்த வேலையில் நாட்டம் வந்தது? (வாசகி, மதுரை)

மன்னரின் மகன் அல்ல அம்மா. இன்றைய மன்னர் இரண்டாம் அப்துல்லாவும் இவரும் ஒரே ஹாஷிமி வம்சத்தின் வெவ்வேறு கிளைகள். மெக்காவின் ஷெரீபாக, அதாவது அந்நகரின் ஆட்சித் தலைவராக இருந்த ஹுசைன், மிரெத்துக்குக் கொள்ளுத்தாத்தா. ஹுசைனின் மகன்களில் ஒருவர் வழி ஜோர்டானை ஆண்டது. இன்னொருவர் வழி ஈராக்கை ஆண்டது. கடைசி மகன் சைத், மிரெத்தின் தாத்தா. 1958-இல் பாக்தாதில் புரட்சி வெடித்து அரச குடும்பம் சுட்டுக் கொல்லப்பட்டபோது, சைத் லண்டனில் ஈராக்கின் தூதராக இருந்தார். அதனால் உயிர் தப்பினார். அவருடைய மகன் ராத் பின் சைத் ஜோர்டானில் குடியேறினார். ராத்தின் பிள்ளைகளில் ஒருவர்தான் மிரெத். ஐ.நா. மனித உரிமைகள் உயர் ஆணையராக 2014 முதல் 2018 வரை இருந்த சைத் ராத் அல் ஹுசைன் இவருடைய உடன்பிறந்தவர்.

நாட்டம் எப்படி வந்தது என்பதற்கு அவர் வளர்ந்த வீட்டைப் பார்த்தால் போதும். தந்தை ராத், ஜோர்டானில் மாற்றுத்திறனாளிகளுக்கான அமைப்புகளை ஆரம்பக் காலத்திலிருந்தே கட்டி எழுப்பியவர். தாய் மஜ்தா ஸ்வீடனில் பிறந்தவர். தலைநகர் அம்மானில் உடல் ஊனமுற்ற குழந்தைகளுக்காக 1971-இல் தொடங்கிய அல் ஹுசைன் சங்கத்தோடு அவர் பெயர் பிரிக்க முடியாதபடி சேர்ந்தது. மனைவி தினா, மன்னர் ஹுசைன் புற்றுநோய் அறக்கட்டளையை நடத்தியவர். பின்னர் புற்றுநோய்க்கு எதிரான பன்னாட்டு ஒன்றியத்தின் தலைவராகவும் இருந்தார். சாப்பாட்டு மேசையில் என்ன பேச்சு நடந்திருக்கும் என்பதை நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

ஜோர்டான் சமாதானமான நாடு என்றுதான் நினைத்திருந்தேன். அங்கே கண்ணிவெடி எங்கிருந்து வந்தது? (வாசகர், கோவை)

இன்று சமாதானமாக இருப்பதற்கும் நிலத்துக்கு அடியில் இருப்பதற்கும் சம்பந்தமில்லை. வெடி புதைத்தவர்கள் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட பிறகும், கண்ணிவெடி தன் இடத்திலேயே காத்திருக்கும். அதற்கு நாள்கணக்கும் கிடையாது, பகைவன் யார் என்ற அறிவும் கிடையாது.

1948-லும் 1967-லும் இஸ்ரேலோடு நடந்த போர்கள் ஜோர்டான் பள்ளத்தாக்கையும் தெற்கே வாதி அரபாவையும் கண்ணிவெடி நிலமாக்கின. 1970-இல் சிரியப் படை வடக்கே உள்ளே நுழைந்தது. அதற்குப் பிறகு சிரிய எல்லை நெடுகிலும் ஜோர்டான் படை வெடிகளைப் புதைத்தது. மொத்தத்தில் ஏறத்தாழ 3 லட்சம் வெடிகள். அவற்றில் பெரும்பாலானவை ஜோர்டான் தன் பாதுகாப்புக்காகத் தானே புதைத்தவை. இந்த ஒரு விவரத்தை வாசகர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும், ஏனெனில் மிரெத் பிற நாடுகளிடம் போய்ப் பேசும்போது அவருடைய பேச்சுக்கு எடை தருவது இதுதான். எல்லைக்கு அப்பால் இருக்கும் இஸ்ரேல், சிரியா, சவூதி அரேபியா ஆகிய மூன்றும் இன்றுவரை கண்ணிவெடித் தடை ஒப்பந்தத்தில் சேரவில்லை. ஈராக் 2007-இல்தான் சேர்ந்தது. ஜோர்டானோ 1998-லேயே கையெழுத்திட்டு, அதே ஆண்டில் உறுதியும் செய்துவிட்டது. கிடங்கில் வைத்திருந்த 92,342 வெடிகளை 2003 ஏப்ரலுக்குள் அழித்தும் விட்டது. "எங்களைச் சுற்றி ஆபத்து, அதனால் எங்களால் விட முடியாது" என்று சொல்லும் நாட்டிடம், அதைவிடக் கடினமான அக்கம்பக்கத்தில் இருந்துகொண்டு விட்டுக்காட்டிய நாட்டின் பிரதிநிதி வந்து உட்கார்ந்தால், அந்தச் சாக்கைச் சொல்வது கடினம்.

கண்ணிவெடியை எப்படி எடுக்கிறார்கள்? கருவி வைத்துத் தேடினால் கிடைத்துவிடாதா? (கல்லூரி மாணவர், திருநெல்வேலி)

தம்பி, இந்தக் கேள்விக்குக் கொஞ்சம் நிதானமாகப் பதில் சொல்கிறேன்.

எம்14 என்று ஒரு அமெரிக்க வெடி. ஜோர்டான் மண்ணில் புதைந்திருந்த வகைகளில் இதுவும் ஒன்று. விட்டம் 5.6 செ.மீ., உயரம் 4 செ.மீ., எடை சுமார் 100 கிராம். உள்ளங்கையில் மூடி மறைத்துவிடலாம். உடல் முழுவதும் பிளாஸ்டிக். உலோகம் என்று இருப்பது உள்ளே ஒரு சின்ன ஊசிமுனை மட்டும். உலோகங்காட்டியை வைத்துத் தேடினால், பழைய ஆணியும் தோட்டா உறையும் போடும் கூச்சலில் இந்த ஊசியின் ஓசை அமுங்கிப் போகும். ஆகவே ஓசை வந்த ஒவ்வோர் இடத்தையும் வெடி என்றே எண்ணித் தோண்ட வேண்டும்.

வேலை செய்கிறவர் கனமான மேலங்கி அணிந்திருப்பார். முகத்துக்கு முன்னால் தடித்த பிளாஸ்டிக் மறைப்பு இருக்கும். ஒரு மீட்டர் அகலத்துக்கு இருபுறமும் குச்சி நட்டுப் பாதை வகுத்திருப்பார்கள். அதற்குள் மண்டியிட்டு, முதலில் கண்ணால் பார்ப்பார், பிறகு செடிகொடியை வெட்டுவார், பிறகு கருவியை மெல்ல இடமும் வலமும் வீசுவார். ஓசை வந்தால் கருவியைக் கீழே வைத்துவிட்டு, மெல்லிய கம்பி ஒன்றை எடுப்பார். அதைச் செங்குத்தாகக் குத்தக் கூடாது. தரையோடு ஏறத்தாழ 30 பாகைச் சாய்வில் செருக வேண்டும். அழுத்தத் தட்டு வெடியின் தலையில் இருக்கிறது. சாய்வாகப் போனால் கம்பி வெடியின் பக்கவாட்டைத் தொடும், தலையைத் தொடாது. ஓர் அங்குலம் தள்ளி மீண்டும் செருக வேண்டும். பின் மீண்டும். வெயில் கொளுத்தும் ஜோர்டான் பள்ளத்தாக்கில், கடல்மட்டத்துக்கும் கீழே இருக்கும் அந்த மண்ணில், நாள் முழுவதும் இந்த வேலை. அவசரப்படுகிறவருக்கு இதில் இடமில்லை. வட எல்லையில் பெண்கள் மட்டுமே கொண்ட அணி ஒன்றும் இந்த வேலையைச் செய்தது. நோர்வே மக்கள் உதவி அமைப்பு அவர்களுக்குப் பயிற்சி கொடுத்துக் களத்தில் இறக்கியது.

ஜோர்டானில் ஓர் அனுகூலம் இருந்தது. புதைத்தது முறையான படை என்பதால் வரைபடங்கள் இருந்தன. வெடிகள் வரிசை பிசகாமல் கிடக்க வேண்டும். ஆனால் காட்டாற்றில் வெள்ளம் வரும்போது மண்ணோடு வெடியும் நகரும். வரைபடத்தில் இந்த வரிசையில் இத்தனை என்று எழுதியிருக்கும், தோண்டினால் குறையும். காணாமல் போனது வெடித்ததா, யாராவது எடுத்துப் போனார்களா, வெள்ளத்தில் கீழே போய்ப் பக்கத்து வயலில் கிடக்கிறதா? ஒவ்வொன்றுக்கும் விடை தேடியாக வேண்டும். இந்தக் காணாமல் போன வெடிகள்தான் எனக்குத் தெரிந்து இந்த வேலையின் மிகக் கொடுமையான பகுதி. எடுத்த வெடியால் யாருக்கும் ஆபத்தில்லை. எடுக்காத ஒன்று போதும், ஓர் ஊரே அந்த நிலத்தில் காலை வைக்காது.

2012-இல் ஜோர்டான் தன்னைக் கண்ணிவெடி இல்லாத நாடு என்று அறிவித்ததாகப் படித்தேன். அதன் பிறகும் அங்கே வெடி கிடைக்கிறது என்கிறார்கள். எது உண்மை? (வாசகர், சேலம்)

இரண்டும் உண்மை. ஒப்பந்தத்தில் சேர்ந்த நாடு பத்து ஆண்டுக்குள் நிலத்தைத் துப்புரவாக்க வேண்டும். ஜோர்டானுக்கு அந்தக் கெடு 2009 மே மாதம். முடியவில்லை. மூன்று ஆண்டு கூடுதலாகக் கேட்டுப் பெற்றார்கள். 2012 ஏப்ரல் 24-ஆம் தேதி, தெரிந்த கண்ணிவெடி வயல்கள் அனைத்தும் அகற்றப்பட்டன என்று அறிவித்தார்கள். மத்தியக் கிழக்கில் அப்படி அறிவித்த முதல் நாடு அது. 2004 முதல் தேசியக் குழுவின் தலைவராக இருந்தவர் மிரெத். ஆகவே அந்தக் கெடுவின் பாரமும் நிறைவின் பெருமையும் அவர் தோளில் விழுந்தவை.

ஆனால் "தெரிந்த" என்ற சொல்லைக் கவனியுங்கள். 1993-இல் படையின் பொறியாளர்கள் வேலையைத் தொடங்கியபோது இருந்த தரக் கட்டுப்பாடு இன்று இருப்பது போல் இல்லை. அன்று எடுத்துமுடித்ததாகக் குறித்த வயல்களைத் திரும்பவும் மாதிரிபார்த்துச் சரிபார்க்கும் வேலை 2012-க்குப் பிறகும் ஜோர்டான் பள்ளத்தாக்கிலும் வடக்கிலும் நடந்தது. அதில் விடுபட்ட வெடிகள் அகப்பட்டன. இதை நான் குறையாகப் பார்க்கவில்லை. விழா எடுத்து, கேடயம் வாங்கிய பிறகு, அதே நிலத்துக்குத் திரும்பிப் போய் "இன்னொரு முறை பார்ப்போம்" என்று சொல்ல ஒரு நிர்வாகத்துக்கு நெஞ்சுரம் வேண்டும்.

துப்புரவான நிலம் என்ன ஆனது என்று நீங்கள் கேட்கலாம். யோவான் இயேசுவுக்கு ஞானஸ்நானம் கொடுத்த இடம் என்று கிறிஸ்தவர்கள் போற்றும் அல்-மக்தாஸ், ஜோர்டான் ஆற்றின் கிழக்குக் கரையில் இருக்கிறது. அந்த இடம் நெடுங்காலம் படைவீரர்களும் வெடிகளும் மட்டும் இருந்த பகுதி. 1994-இல் இஸ்ரேலோடு சமாதான உடன்படிக்கை ஆன பிறகுதான் வெடிகளை எடுத்து அகழ்வாராய்ச்சி செய்தார்கள். 2000 மார்ச்சில் போப் இரண்டாம் ஜான் பால் அங்கே வந்து வழிபட்டார். 2015-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. தெற்கே அகபாவில் வெடி எடுத்த நிலத்தில் இன்று கடற்கரை விடுதிகள் நிற்கின்றன. வாதி அரபாவில் உழுகிறார்கள்.

டயானாவைத்தானே எல்லோரும் சொல்வார்கள்? அவரைவிட இவர் என்ன பெரிதாகச் செய்துவிட்டார்? (வாசகி, சென்னை)

ஒருவரை உயர்த்த இன்னொருவரைத் தாழ்த்த வேண்டியதில்லை அம்மா. 1997 ஜனவரி 15 அன்று அங்கோலாவில் ஹுவாம்போ நகருக்கு அருகே, கவச அங்கியும் முகமறைப்பும் அணிந்து டயானா நடந்தபோது, உலகத்தின் கண் அந்தப் பாதையில் பதிந்தது. அவருடைய சொந்த நாட்டு அரசில் சிலர் அதை அதிகப்பிரசங்கித்தனம் என்று கண்டித்தார்கள். அவர் பின்வாங்கவில்லை. ஆகஸ்டில் போஸ்னியாவுக்குப் போய், கால் இழந்தவர்களின் வீடுகளில் உட்கார்ந்து அவர்கள் சொன்னதைக் கேட்டார். அதே மாதம் 31-ஆம் தேதி இறந்துபோனார். செப்டம்பரில் ஒஸ்லோவில் ஒப்பந்த வாசகம் முடிவானது. டிசம்பர் 3-ஆம் தேதி ஒட்டாவாவில் நாடுகள் கையெழுத்திடத் தொடங்கின. அவர் நடந்த நிலம் இன்று வீடுகள் நிறைந்த தெரு. 2019-இல் மகன் ஹாரி அதே இடத்தில் நடந்தார்.

ஆனால் ஒப்பந்தத்தை உருவாக்கியவர் டயானா என்று எழுதுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. 1992-லேயே ஆறு அமைப்புகள் சேர்ந்து தொடங்கிய தடை இயக்கமும், சக்கர நாற்காலியிலும் ஊன்றுகோலிலும் மாநாடு மாநாடாகச் சென்று பேசிய வெடிவிபத்தில் தப்பியவர்களும் போட்ட பாதை அது. 1997-இன் நோபல் அமைதிப் பரிசு அந்த இயக்கத்துக்கும் அதன் ஒருங்கிணைப்பாளர் ஜோடி வில்லியம்ஸுக்கும் சென்றது சரியான தீர்ப்பு.

மிரெத்தின் வேலை வேறு வகை. டயானா செய்தது உலகத்தைத் திரும்பிப் பார்க்கச் செய்தது. உலகம் பார்த்துவிட்டு வேறு பக்கம் திரும்பிய பிறகும் நடக்க வேண்டிய வேலை ஒன்று உண்டு: பணம் திரட்டுவது, கெடு தவறினால் விளக்கம் சொல்வது, ஆண்டறிக்கை கொடுப்பது, சேராத நாட்டின் அமைச்சரைப் பார்க்க மறுபடியும் விமானம் ஏறுவது. 2007 நவம்பரில் ஒப்பந்த நாடுகளின் எட்டாவது கூட்டம் ஜோர்டானில் சாக்கடல் கரையில் கூடியபோது அதற்குத் தலைமை வகித்தார். பிறகு ஒப்பந்தத்தின் சிறப்புத் தூதராகி, சேராத நாடுகளின் தலைநகரங்களுக்குப் போய்க் கதவைத் தட்டிக்கொண்டிருக்கிறார். பெல்ஜிய மன்னரின் சகோதரி ஆஸ்த்ரித் இளவரசியும் இதே பொறுப்பில் இருக்கிறார். பெல்ஜியம் 1995-இல் உலகிலேயே முதலாவதாகத் தன் சட்டத்தின் மூலம் கண்ணிவெடியைத் தடை செய்த நாடு என்பதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஜோர்டானின் மறைந்த மன்னர் ஹுசைனின் மனைவி நூர் அரசியும் இந்த இயக்கத்தில் தொடக்கத்திலிருந்து உழைத்தவர். ஒரு புகைப்படத்தில் அடங்காத உழைப்பு இது. அதனால்தான் உங்களுக்கு டயானாவைத் தெரிந்திருக்கிறது, இவர்களைத் தெரியவில்லை.

வெடி எடுப்பதும் மாற்றுத்திறனாளிகள் நலமும் இரண்டு துறைகள் அல்லவா? ஒரே ஆள் ஏன் இரண்டையும் பிடித்துக்கொண்டிருக்க வேண்டும்? (வாசகர், தஞ்சாவூர்)

இந்தக் கேள்விக்காகத்தான் நான் காத்திருந்தேன்.

கண்ணிவெடி ஒருவரைக் கொல்வதைவிடக் காலை எடுப்பதற்கென்றே அளந்து செய்யப்பட்டது. வெடித்ததும் மண், கல், செருப்புத் துணுக்கு, துணிநார், புல் எல்லாம் சதைக்குள் மேல்நோக்கி ஏறிவிடும். வெளியே பார்த்தால் பாதம்தான் போயிருக்கும். அறுவை மருத்துவர் அழுக்கேறிய சதையைத் தேடிக்கொண்டே மேலே போய், கெண்டைக்காலின் நடுவில் வெட்ட வேண்டியிருக்கும். உடனே தைத்து மூடவும் முடியாது. சில நாள் திறந்தே வைத்து, சீழ் இல்லை என்று உறுதியான பிறகுதான் மூடுவார்கள். அதன் பிறகு அவர் எங்களிடம் வருவார்.

எங்கள் வேலை அங்கே ஒருமுறை நடந்து முடிந்துவிடுவதில்லை. வெட்டிய காலின் முனை முதல் சில மாதங்களில் வீக்கம் வடிந்து சுருங்கும். சாக்கெட் என்று நாங்கள் சொல்லும், காலைத் தாங்கும் கிண்ணம் தளர்ந்துபோகும். மாற்ற வேண்டும். மாற்றாவிட்டால் உள்ளே கால் உராய்ந்து புண்ணாகும். புண்ணானவர் செயற்கைக் காலைக் கழற்றி மூலையில் வைத்துவிட்டு மீண்டும் ஊன்றுகோலுக்குப் போய்விடுவார். குழந்தை என்றால் நிலைமை இன்னும் கடினம். எலும்பு வளரும், தோல் அந்த வேகத்தில் வளராது. வெட்டிய எலும்பின் கூர்முனை தோலைக் கிழித்துக்கொண்டு வெளியே வரப் பார்க்கும். திரும்பவும் அறுவை. வளர வளரப் புதிய கால். பத்து வயதில் வெடியில் கால் போன பிள்ளைக்கு, வயது முதிர்ந்து சாகும்வரை எத்தனை செயற்கைக் கால் வேண்டும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். வெடியைப் புதைத்தவர் அந்தக் கணக்கைப் போடவில்லை.

இத்தனையும் செய்து, நன்றாக நடக்கிறவராக ஒருவரை எழுப்பி அனுப்புகிறோம். வெளியே என்ன இருக்கிறது? பள்ளியின் வாசலில் ஆறு படிகள். கைப்பிடி இல்லை. அலுவலகம் இரண்டாம் மாடியில், மின்தூக்கி இல்லை. பஸ்ஸின் முதல் படி முழங்கால் உயரம். நாங்கள் வாரக்கணக்கில் பயிற்சி கொடுத்த நடையை அந்தப் படி ஒரே நாளில் தோற்கடித்துவிடும். என் கையால் கால் போட்டு அனுப்பிய ஒரு பெண், தையல் வேலை கிடைத்தும், அந்தத் தொழிற்கூடத்தின் கழிப்பறைக்குள் திரும்ப இடமில்லாததால் வேலையை விட்டுவிட்டு வந்தார். அவரிடம் இருந்த குறை நான் சரிசெய்துவிட்ட குறை. கட்டடத்தின் குறையை யார் சரிசெய்வது?

அதனால்தான் கண்ணிவெடித் தடை ஒப்பந்தமே, வெடியை எடுத்தால் போதும் என்று நிற்காமல், உயிர் தப்பியவர்களின் சிகிச்சை, மறுவாழ்வு, சமூகத்தில் அவர்கள் மீண்டும் சேர்வது ஆகியவற்றுக்கும் உதவ வேண்டும் என்று 6-ஆம் பிரிவில் எழுதியது. பெரும் ஆயுத ஒப்பந்தங்களில் அதற்கு முன் அப்படி எழுதப்பட்டதில்லை. வெடியில் கால் போனவருக்குத் தனி வாசலும், விபத்தில் கால் போனவருக்குத் தனி வாசலும், போலியோவில் கால் சூம்பியவருக்குத் தனி வாசலும் யாரும் கட்டப்போவதில்லை. ஒரு சாய்தளம் எல்லோருக்கும்தான். மிரெத் இரண்டு நாற்காலியிலும் உட்கார்ந்திருப்பதால் வெடி எடுக்கும் துறையும் உரிமைத் துறையும் ஒரே மேசையில் பேச முடிகிறது. பல நாடுகளில் இந்த இரண்டு துறையும் ஒன்றுக்கொன்று கடிதம் எழுதிக்கொண்டே காலத்தை ஓட்டுகின்றன. இன்னொன்று: ஒட்டாவாவில் கையெழுத்துத் தொடங்கிய டிசம்பர் 3, பன்னாட்டு மாற்றுத்திறனாளிகள் தினமும் கூட.

உயர் மன்றம், உரிமை என்கிறீர்கள். நடைமுறையில் என்ன மாறியது? (வழக்கறிஞர் ஒருவர், நாகர்கோவில்)

சட்டம் மாறியது. ஐ.நா.வின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சாசனத்தை ஜோர்டான் 2008-இல் ஏற்றது. அதற்கு ஏற்றபடி 2017-இல் 20-ஆம் எண் சட்டம் வந்தது. ஊனத்தின் பெயரால் பாகுபாடு காட்டுவதை நேரடியாகத் தடை செய்த சட்டம் அது; அரபு உலகில் இதற்கு முன்னோடிகள் அரிது. 25 முதல் 50 பேர் வரை வேலை செய்யும் நிறுவனம் ஒரு மாற்றுத்திறனாளியையாவது வேலைக்கு எடுக்க வேண்டும்; அதற்கு மேற்பட்டால் 4 விழுக்காடு வரை. இருக்கும் கட்டடங்களையும் மாற்றியமைக்க வேண்டும் என்கிறது. பள்ளிகள் எல்லாப் பிள்ளைகளையும் சேர்த்துக்கொள்வதற்குப் பத்தாண்டுத் திட்டமும் வகுத்தார்கள்.

எனக்கு அதில் மிகவும் முக்கியமாகப் படுவது, மாற்றுத்திறனாளிகளைக் குடும்பத்திலிருந்து பிரித்து அடைத்துவைக்கும் காப்பகங்களைப் பத்து ஆண்டில் மூடிவிட்டு, அவர்கள் ஊரோடு வாழ வழி செய்ய வேண்டும் என்ற பிரிவு. எழுதுவது எளிது, செய்வது மலை. காப்பகத்தை மூடினால் போதாது. வீட்டுக்கு வரும் பராமரிப்பாளர், குடும்பத்துக்கு உதவித்தொகை, பக்கத்துப் பள்ளி எல்லாம் முதலில் தயாராக இருக்க வேண்டும். சிரியப் போரிலிருந்து தப்பி வந்த அகதிகளில் காயமுற்றவர்களும் நிறைய. சிறிய நாட்டின் கருவூலத்தில் இதற்கெல்லாம் எவ்வளவு இருக்கும்? வேலை ஒதுக்கீட்டையும் காகிதத்தில் மட்டும் நிறைவேற்றும் முதலாளிகள் எல்லா நாட்டிலும் உண்டு. சட்டம் வந்ததால் எல்லாம் நடந்துவிட்டது என்று நான் சொல்ல மாட்டேன். வழக்குப் போட ஒரு பிடி கிடைத்திருக்கிறது. வழக்கறிஞரான உங்களுக்கு அதன் மதிப்பு தெரியும்.

2025 ஏப்ரலில் பெர்லினில் நடந்த உலக மாற்றுத்திறனாளிகள் மாநாட்டை ஜெர்மனியும் ஜோர்டானும் பன்னாட்டு மாற்றுத்திறனாளிகள் கூட்டமைப்பும் சேர்ந்து நடத்தின. உலக மக்களில் 15 விழுக்காட்டினர் மாற்றுத்திறனாளிகள் என்றால், நாட்டு அளவில் நடக்கும் பன்னாட்டு வளர்ச்சித் திட்டங்களில் குறைந்தது 15 விழுக்காடு அவர்களைச் சேர்ப்பதைக் குறிக்கோளாகக் கொள்ள வேண்டும் என்று அந்த மாநாட்டையொட்டி வந்த அம்மான்-பெர்லின் பிரகடனம் சொன்னது.

அரச குடும்பத்தினர் செய்யும் சேவையெல்லாம் விளம்பரம் என்பது என் கருத்து. (வாசகர், திருச்சி)

உங்கள் சந்தேகம் நியாயமானது. நானும் ஒரே அளவுகோலைத்தான் வைத்திருக்கிறேன்: படம் எடுத்த மறுநாள் அவர் எங்கே இருந்தார்? ஒரே பொறுப்பில், ஒரே விஷயத்தில், தலைமுடி நரைக்கும்வரை இருப்பவரை விளம்பரப் பிரியர் என்று நான் சொல்ல மாட்டேன்.

எங்கள் பக்கம் இன்னும் மிதிவெடி எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த ஒப்பந்தத்தால் எங்களுக்கு என்ன பயன்? (வாசகி, கிளிநொச்சி)

தங்கச்சி, உங்கள் வரிகளைப் படித்துவிட்டு நெடுநேரம் பேசாமல் இருந்தேன். இலங்கை 2017 டிசம்பர் 13-இல் ஒப்பந்தத்தில் சேர்ந்தது. சேர்ந்ததால் மண் தானாகத் துப்புரவாகிவிடாது. ஆனால் நிலத்தை முடித்துக்கொடுக்கக் கெடு, ஆண்டுதோறும் உலகத்தின் முன் கணக்கு, தப்பியவர்களுக்கு உதவும் கடமை ஆகிய மூன்றும் அரசின் மேல் ஏறிவிட்டன. உங்கள் ஊரில் கால் இழந்தவர்களுக்குச் செயற்கைக் கால் மாற்றித் தர எந்த ஏற்பாடு இருக்கிறது என்று பிரதேச செயலகத்தில் எழுத்தில் கேளுங்கள். கேட்பதற்கு இப்போது உங்களுக்கு உரிமை இருக்கிறது. காணியில் சந்தேகமான பொருள் எதைக் கண்டாலும் தொடாதீர்கள், பிள்ளைகளையும் விடாதீர்கள். வந்த தடத்திலேயே திரும்பிப் போய்த் தகவல் கொடுங்கள்.

இந்தியா கையெழுத்திட்டதா? (வாசகர், வேலூர்)

இல்லை. அமெரிக்கா, ரஷ்யா, சீனா, பாகிஸ்தானும் இல்லை. கண்ணிவெடி பயன்பாட்டுக்கு வரம்பு விதிக்கும் வேறொரு நெறிமுறையை இந்தியா ஏற்றிருக்கிறது. முழுத் தடையை ஏற்கவில்லை. ஏற்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

ஐரோப்பிய நாடுகள் இந்த ஒப்பந்தத்தைவிட்டு வெளியேறுகின்றனவே. இனி மிரெத் போன்றவர்கள் பேசி என்ன ஆகப்போகிறது? (ஓய்வுபெற்ற ஆசிரியர், புதுச்சேரி)

ஐயா, 2025-இல் எஸ்தோனியா, லாத்வியா, லிதுவேனியா, பின்லாந்து, போலந்து ஆகிய ஐந்தும் விலகுவதாக அறிவித்தபோது எனக்கு உண்டான கோபத்தை இந்தப் பக்கத்தில் எழுத முடியாது. ரஷ்யாவுக்கு அவர்கள் பயப்படுவது புரிகிறது. உக்ரைனில் நடப்பதைப் பார்த்துக்கொண்டிருக்கும் அண்டை நாடு பயப்படாமல் இருக்குமா? ஆனால் அந்தப் பயத்துக்கு அவர்கள் எடுக்கும் மருந்து யாரைக் கொல்கிறது என்று பாருங்கள். 2023-இல் மட்டும் கண்ணிவெடியாலும் போரில் எஞ்சிய வெடிபொருள்களாலும் இறந்தவர்களும் காயமுற்றவர்களுமாகப் பதிவானோர் 5,757 பேர். அவர்களில் 84 விழுக்காடு பொதுமக்கள். வெடி புதைத்த எல்லைக்கு முதலில் திரும்பி வருவது எதிரியின் படை அல்ல. ஆடு மேய்க்கிறவரும், விறகு பொறுக்குகிறவரும், பந்து எடுக்க ஓடும் பிள்ளையும்தான்.

பேசி என்ன ஆகும் என்றால், இதுவரை பேசியதால் கிடங்குகளிலிருந்து 5.5 கோடிக்கும் மேற்பட்ட வெடிகள் அழிந்திருக்கின்றன. அவை ஒவ்வொன்றும் மண்ணுக்குள் போயிருக்கலாம். விலகிய நாடுகள் போக, நூற்று ஐம்பதுக்கும் மேற்பட்ட நாடுகள் இன்றும் உள்ளே இருக்கின்றன. விலகியவர்களிடம் போய்ப் பேச ஜோர்டானைவிடத் தகுதியான நாடு எனக்குத் தெரியவில்லை. தன் எல்லையில் தானே புதைத்து, அதைத் தானே மண்டியிட்டுத் தோண்டியெடுத்து, அதற்கு எத்தனை ஆண்டு ஆயிற்று, எவ்வளவு செலவாயிற்று, அதன் பிறகும் எது அகப்படாமல் போயிற்று என்று கணக்கோடு சொல்லக்கூடியவர்கள் அவர்கள். வில்னியஸுக்கும் ஹெல்சிங்கிக்கும் வார்சாவுக்கும் அந்தக் கணக்கை எடுத்துக்கொண்டு மிரெத் போக வேண்டும். கூடவே, வெடியில் கால் இழந்த ஒருவரையும் அழைத்துக்கொண்டு போக வேண்டும். அவரை மேசையின் தலைமாட்டில் உட்காரவைத்து முதலில் பேசவிட வேண்டும்.

(கேள்விகளை அஞ்சலட்டையில் சுருக்கமாக எழுதி அனுப்புங்கள். பார்வையற்ற வாசகர்கள் பிரெய்லியில் எழுதியும் அனுப்பலாம். படித்துச் சொல்ல இங்கே ஆள் இருக்கிறார்.)